ஐம்பத்தேழு இடங்களில் சிரிப்பு

குற்றச்சாட்டு: 2019ஆம் ஆண்டு செப்டம்பர் 23ஆம் நாள், திங்கட்கிழமை, பண்பாட்டு ஆவண நிலையத்தின் தேர்வுக் குழு, ஐம்பத்திரண்டு நிமிடம் ஓடும் ஒரு படத்தை அதை எடுத்தவருக்கே திருப்பி அனுப்பியது. உடன் வந்த கடிதத்தில் இரண்டே வாக்கியங்கள். "படத்தில் இடம்பெறுவோர் ஐம்பத்தேழு இடங்களில் சிரிப்பதால், மரபுத் தொழில் பற்றிய ஆவணத்துக்கு உரிய கண்ணியம் இதில் இல்லை. சிரிப்பு நீக்கிய பதிப்பை அறுபது நாட்களுக்குள் அனுப்பினால் மறுபரிசீலனை செய்யப்படும்." கீழே ஒரு கையெழுத்து. அதன் மேலேயே முத்திரையைக் குத்தியிருப்பதால் யாருடையது என்று படிக்க முடியவில்லை.

நிலையம் ஏற்றுக்கொண்டால் படம் அதன் காப்பகத்தில் நிரந்தரமாக இருக்கும். நாற்பது நூலகங்களில் திரையிடப்படும். ஏற்காவிட்டால், எடுத்தவர் வீட்டு இரும்பு அலமாரியின் இரண்டாம் தட்டில் இருக்கும். எடுத்தவரோ, ஒரு சிரிப்பைக்கூட வெட்ட மாட்டேன் என்று கடற்கரையில் இருபத்திரண்டு பேருக்கு வாக்குக் கொடுத்திருந்தார். விண்ணப்பப் படிவத்தில் 'படைப்பாளரின் வாழ்க்கைக் குறிப்பு' என்ற கட்டத்துக்கு விடப்பட்டிருந்த இடம் மூன்று வரி. மூன்று வரியில் இது அடங்காது. ஆகவே அந்தக் குறிப்பு இங்கே முழுமையாகத் தரப்படுகிறது.

அவர் பேருந்து முன்பதிவு அலுவலகத்தில் பதினொரு ஆண்டுகளாக இரண்டாம் எண் சாளரத்தில் இருந்தவர். சாளரக் கண்ணாடியில் பேசுவதற்கென்று வெட்டிய வட்டத் துளை, யாரோ நெடிய ஆளை மனத்தில் வைத்து வெட்டியது. வாடிக்கையாளரின் சொற்கள் எல்லாம் அவர் தலைக்கு மேலே போய் பின்சுவரில் இருந்த நாட்காட்டியில் மோதித்தான் அவர் காதுக்குத் திரும்பும். நூலில் கட்டிய பேனா ஒன்று, ரப்பர் முத்திரை மூன்று, திரும்பும்போதெல்லாம் முனகும் மின்விசிறி ஒன்று. எந்த ஊருக்கு எத்தனை மணிக்கு வண்டி, எந்த வண்டியில் எந்த இருக்கையின் கைப்பிடி உடைந்திருக்கிறது என்பது வரை அவருக்கு விரல் நுனியில் இருந்தது. ஆனால் அவர் எந்த வண்டியிலும் ஏறியதில்லை.

ஒரு நாள், தொப்பி போட்ட பெரியவர் ஒருவர் குனிந்து, துளையை விட்டுவிட்டு, பணம் தள்ளும் சந்து வழியாகவே பேசினார்.

"அந்த ஊர் எப்படிம்மா இருக்கும்?"

"காலைல ஆறேகாலுக்குப் போய்ச் சேரும் சார். மூணாவது நடைமேடை."

"நான் வண்டியக் கேக்கல. ஊரக் கேக்கறேன். நல்லா இருக்குமா?"

"நான் போனதில்ல சார்."

"இதுக்கு முன்னாடி சொன்னீங்களே, அந்த ஊரு?"

"அங்கயும் போனதில்ல."

"சரிதான்! கண்ணாடிக்குப் பின்னாடி உக்காந்துகிட்டு ஊரு பூராவுக்கும் போகாத ஊருக்கு வழி சொல்லிட்டிருக்கீங்க!"

வரிசையில் நின்றவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்துவிட்டார். அன்று மாலையே விடுப்பு விண்ணப்பம் எழுதினார். அதன் நகல் கோப்பில் இருக்கிறது. 'காரணம்' என்ற இடத்தில் 'போய்ப் பார்க்க' என்று மட்டும் எழுதியிருக்கிறார்.

போய்ப் பார்த்தார். ஏழு ஆண்டுகளில் தொண்ணூற்று மூன்று பயணங்கள். எல்லாப் பயணச்சீட்டுகளும் நாள்வாரியாக நோட்டில் ஒட்டப்பட்டிருக்கின்றன. மூன்றாம் பயணத்துக்கு முன் ஒரு பழைய வீடியோ கேமரா கைக்கு வந்தது. தொழிலை விட்டுவிட்ட கல்யாண வீடியோக்காரர் ஒருவருடையது. வாங்கியவருக்குப் படமெடுக்கக் கற்றுக்கொடுத்தவர் எவரும் இல்லை. கேமராவோடு வந்த கையேட்டைத்தான் படித்தார். அதில் முதல் இருபது பக்கங்கள் கிழிந்துபோயிருந்தன. எனவே, வெளிச்சத்தை அளப்பது, ஒலியைக் கூட்டிக் குறைப்பது எல்லாம் தானாகவே கற்றவர், கேமராவை எப்படி முடுக்குவது என்பதை மட்டும் விற்றவரிடம் போய்க் கேட்டுக்கொண்டு வந்தார்.

அவர் கணவர் தையல்காரர்; பள்ளிச் சீருடை, காவலாளி உடுப்பு, மருத்துவமனை அங்கி ஆகியவற்றை மொத்தமாகத் தைப்பவர். மனைவியின் கேமராவுக்குப் பதினொரு அறைகள் கொண்ட பை ஒன்று தைத்துக் கொடுத்தார். "இதுல எல்லாத்துக்கும் இடம் இருக்கு, எனக்குத்தான் இல்ல" என்று சொல்லிக்கொண்டே தைத்தார். ஞாயிறு மதியங்களில் கடையின் இரண்டு தையல் எந்திரங்களுக்கு நடுவே லைனிங் துணியைத் திரையாகக் கட்டி, மனைவி கொண்டுவந்ததைப் பார்ப்பார். பார்ப்பார் என்றால், முதல் ஐந்து நிமிடம் பார்ப்பார்.

"என்னங்க, தூங்கிட்டீங்களா?"

"இல்லையே. மலை வந்துச்சு. அப்புறம் மலை வந்துச்சு."

"அது வேற மலை."

"அது மலைக்குத் தெரியுமா? ஏம்மா, இத்தனை ஊருக்குப் போறியே, அங்கெல்லாம் மனுஷங்களே இல்லையா? இவ்வளவு நேரமா ஒரு சட்டைகூடக் கண்ணுல படலியே!"

மனைவிக்குச் சுருக்கென்றது. துணியை மடித்து வைத்தார்.

அடுத்த பயணம் கடற்கரைக்கு. சூரியோதயம் எடுக்கத்தான் போனார். கையேட்டின் நாற்பத்தேழாம் பக்கம் சொன்னபடி கடல்மட்டத்துக்கு நேராக, ஈர மணலில், முக்காலியை ஊன்றினார். அது படகுகளைக் கரையேற்றும் தடம் என்பது அவருக்குத் தெரியாது. பின்னாலிருந்து ஒரு பெண் குரல் கேட்டது.

"அம்மா, கேமராவ நகத்துங்க. படகு வருது."

"ஒரு நிமிஷம். இதோ சூரியன் வந்துடும்."

"அது நாளைக்கும் வரும். படகுல மீன் இருக்கு!"

அவர் கண்ணைக் கேமராவிலிருந்து எடுக்காமல் கையை மட்டும் உயர்த்திக் காட்டினார். பிறகு அதே குரல், கரையே அதிரும்படி பாடியது:

"கண்ணாடிப் பெட்டிக்குள்ள கண்ணை வச்சிருக்காங்க,
கால எங்க வச்சோம்னு மறந்து நிக்கிறாங்க!"

படகை இழுக்க வடம் பிடித்து நின்ற இருபத்திரண்டு பேர் ஒரே நேரத்தில் கொல்லென்று சிரித்தார்கள். அந்தச் சிரிப்போடு படகு இரண்டு முழம் ஏறி வந்தது. முக்காலியை வாரியெடுத்துக்கொண்டு ஓடிய அவர், ஓடிய வேகத்தில் திரும்பிக் கேமராவைப் பிடித்தார். அன்றைய பதிவில் சூரியன் இல்லை. சட்டைகள் இருக்கின்றன: நனைந்தவை, கிழிந்தவை, தோள்பட்டையில் வடம் தேய்த்துத் தேய்த்து நிறம் போனவை.

ஞாயிற்றுக்கிழமை தையல்காரர் தூங்கவில்லை. "யாரும்மா இந்தப் பொம்பள? தொண்டையா வெண்கலமா?" என்றார்.

"பேரே கணீர்தானாம். எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுறாங்க."

"அடுத்த வாரமும் போ. அந்த மூணாவது ஆள் சட்டைக்குத் தோள்ல ஒட்டு போட்டுக் குடுக்கறேன், வாங்கிட்டு வா."

கணீர் நாற்பது வயதுப் பெண். பகலெல்லாம் வலைக் கொட்டகையில் வலை பின்னுவார். விடிகாலையில் படகுகள் வந்ததும் வடத்தின் அருகே நின்று பாட்டுக் கொடுப்பார். படகின் அடியில் உருளைக்கட்டைகளைப் போட்டு, இரண்டு வடங்களில் பக்கத்துக்குப் பதினொரு பேராக நின்று இழுப்பார்கள். பாட்டு எழுதி வைத்தது அன்று. கணீர் சுற்றும் முற்றும் பார்ப்பார். அன்றைக்கு யார் அகப்படுகிறாரோ அவர்மேல் இரண்டு வரி கட்டிவிடுவார். வடத்தில் முன்னால் நிற்கும் வழுக்கைத் தலையருக்கு 'சீப்பு' என்ற பெயர் வந்ததே ஒரு பாட்டினால்தான்:

"சீப்பு ஒண்ணு வாங்கினாரு, சிங்காரமா வச்சிருக்காரு,
சீவலாம்னு பாத்தாக்க ஒத்த முடி இல்ல!"

பாட்டில் அகப்பட்டவர் மறுநாள் வடத்தின் முதல் ஆளாக நிற்க வேண்டும் என்பது அவர்கள் கட்டுப்பாடு. கோபித்துக்கொண்டு போனவர் எவரும் இல்லை. நாலு நாள் தன்மேல் பாட்டு வராவிட்டால்தான் ஆட்கள் முகம் வாடுகிறார்கள்.

நாலாம் முறை போனபோது படமெடுப்பவர் புது ஒலிவாங்கி ஒன்றைக் கொண்டுபோனார். குரல் தெளிவாக இருக்க வேண்டும், வேறு ஓசை கலக்கக் கூடாது என்று ஒரு நூலில் படித்திருந்தார். எல்லோரையும் கூப்பிட்டுச் சொன்னார்:

"தயவுசெஞ்சு இன்னிக்கு யாரும் சிரிக்காதீங்க. எனக்குப் பாட்டு மட்டும் சுத்தமா வேணும்."

"சிரிக்காம எப்படி அக்கா?" என்றார் கணீர்.

"கொஞ்சம் அடக்கிக்குங்க. ஒரே ஒரு தடவ."

பெரிய மனது பண்ணி ஒப்புக்கொண்டார்கள். கணீர் பாடினார். இருபத்திரண்டு பேரும் பல்லைக் கடித்துக்கொண்டு, துக்கம் விசாரிக்க வந்தவர்களைப் போல முகத்தை வைத்துக்கொண்டு இழுத்தார்கள். வடம் விறைத்தது. கால்கள் மணலில் புதைந்தன. படகு இம்மியும் அசையவில்லை. இரண்டாம் முறையும் அப்படியே. மூன்றாம் முறை சீப்பு இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

"படக்காரம்மா, உங்க படம் முடிஞ்சதும் சொல்லுங்க. நாங்க படக இழுக்கணும்" என்றார்.

அவர் கேமராவை விட்டுவிட்டு ஓடி வந்தார். "என்ன ஆச்சு? நேத்து இதே படகு வந்துச்சே?" என்றார்.

"நேத்து சிரிச்சோம் அக்கா" என்றார் கணீர். "இன்னிக்கு எல்லாரும் மூச்ச அடக்கிட்டு நிக்கிறாங்க. ஆளுக்கொரு நேரம் மூச்சு விடுறான், ஆளுக்கொரு நேரம் இழுக்கிறான். சிரிச்சா இருபத்திரண்டு பேருக்கும் ஒண்ணா மூச்சு போகும். அங்கதான் படகு நகரும். பாட்டு எதுக்குன்னு நெனச்சீங்க? என் குரல காட்டவா?"

"அத முதல்லயே சொல்லியிருக்கலாமே!"

"படிச்சவங்க ஏதோ காரணமாத்தான் கேக்குறாங்கன்னு நெனச்சோம்" என்றார் சீப்பு, உட்கார்ந்த இடத்திலிருந்தே. அதற்கு எல்லோரும் சிரித்துவிட்டார்கள். பழக்க தோஷம், வடத்தைப் பிடித்திருந்த கைகள் சிரிப்போடு சேர்ந்து இழுத்துவிட்டன. படகு ஒரு முழம் வந்தது. சீப்பு உருண்டு விலகி உயிர் தப்பினார்.

அன்றுதான் அவருடைய படம் எதைப் பற்றியது என்று அவருக்குத் தெரிந்தது. ஒரு தொழிலை எடுக்க வந்து, அந்தத் தொழில் எதனால் நடக்கிறதோ அதையே வேண்டாம் என்று சொல்லியிருக்கிறார். மறுநாளே ஒலிவாங்கியைப் பாடுபவரிடமிருந்து எடுத்து, இழுப்பவர்கள் பக்கம் வைத்தார். இரண்டு ஆண்டுகளில் நாற்பத்தோரு கரையேற்றங்களைப் பதிவுசெய்து அட்டவணை போட்டார்: பாட்டு, அகப்பட்டவர், சிரிப்பு தொடங்கிய விநாடி, படகு நகர்ந்த விநாடி, நகர்ந்த தூரம். சிரிப்புக்கு முன்னால் படகு நகர்ந்ததாக ஒரு பதிவும் இல்லை.

அட்டவணையின் பதினேழாம் வரிசையில் அகப்பட்டவர் அவரே. அதற்கு முந்தின நாள் குடையை விரித்துப் பிடித்துக்கொண்டு அதையே தேடியவர்மேல் பாட்டு வந்துவிட்டது. கட்டுப்பாட்டின்படி மறுநாள் கேமராவை முக்காலியில் நிறுத்திவிட்டு வடத்தின் முதல் ஆளாக நின்றார். கணீர் விடவில்லை:

"படம் புடிக்க வந்த அம்மா படகப் புடிச்சாங்க,
படகு எழுந்து வருது பாரு, அம்மா படுத்துட்டாங்க!"

படுக்கத்தான் செய்தார். மணலில் முகம் குப்புற விழுந்தவரும் வயிறு குலுங்கச் சிரிப்பது படத்தில் தெளிவாக இருக்கிறது. குழு எண்ணிய ஐம்பத்தேழு சிரிப்புகளில் அதுவும் ஒன்று.

படத்தைக் கோக்க உட்காரும் முன் கணீர் கேட்டார்: "எங்க சிரிப்ப வெட்டிட மாட்டீங்களே அக்கா? முன்னாடி ஒரு டிவிக்காரங்க எடுத்துட்டுப் போனாங்க. போடும்போது பாத்தா பின்னாடி வயலின் அழுவுது. நாங்க பாவமா நடந்து போறோம். என் மாமியாரே, யாரு இது, நம்ம ஆளுங்க மாதிரி இருக்குன்னு கேட்டாங்க."

"ஒண்ணக்கூட வெட்ட மாட்டேன். எழுதித் தரட்டுமா?"

"எழுத்தெல்லாம் எதுக்கு? சொன்னா போதும்."

இருந்தும் எழுதிக் கொடுத்தார். நகல் இருக்கிறது.

நிலையத்தின் கடிதம் வந்த பிறகு, அக்டோபர் 9ஆம் நாள் நேரில் போனார். செயலாளரின் அறையில் நாற்காலிகளின் மேலும் கோப்புகள் உட்கார்ந்திருந்ததால் நின்றபடியே பேச வேண்டியிருந்தது. செயலாளர் நல்ல மனிதர், தேநீர் வரவழைத்தார்.

"மேடம், படம் நல்ல படம்தான். ஆனா மரபுன்னா ஒரு கம்பீரம் வேணும் இல்லையா? இவங்க என்னடான்னா பிக்னிக் வந்த மாதிரி சிரிக்கிறாங்க."

"சிரிக்காம படகு வராது சார்."

"அது உங்க கருத்து."

"அட்டவணை இருக்கு சார். நாற்பத்தோரு தடவை."

பதினேழாம் கரையேற்றத்தை அவருடைய மேசைக் கணினியிலேயே போட்டுக் காட்டினார். தாம் குப்புற விழுந்த கட்டத்தில் தேநீர் கொண்டுவந்த ஊழியர் முதலில் சிரித்தார். அடுத்து செயலாளர் சிரித்தார். சிரித்த வேகத்தில் அவருடைய சக்கரம் வைத்த நாற்காலி அரை அடி பின்னால் நகர்ந்தது. நேரம் பதினொன்று நாற்பத்திரண்டு. செயலாளர் முகத்தைச் சரிசெய்துகொண்டு, "குழு முடிவு எடுத்தா எடுத்ததுதான் மேடம். நான் என்ன பண்ண முடியும்?" என்றார்.

"இதையே எழுத்துல குடுங்க சார்."

"வாய்ல சொன்னா போதாதா? சரி, நான் சிரிச்சத எங்கயும் எழுதிடாதீங்க."

எழுதாமல் இருப்பதாக அவர் வாக்குக் கொடுக்கவில்லை.

வீட்டுக்கு வந்து, ஒரு முறையாவது செய்து பார்ப்பதே நேர்மை என்று, சிரிப்பு நீக்கிய பதிப்பைத் தயாரித்தார். ஐம்பத்திரண்டு நிமிடம் முப்பத்தெட்டாகச் சுருங்கியது. கடையில் லைனிங் துணியில் போட்டார்கள். ஆட்கள் இறுகிய முகத்தோடு வடத்தைப் பிடிக்கிறார்கள். படகு தண்ணீரில் நிற்கிறது. அடுத்த காட்சியில் படகு கரையில் நிற்கிறது.

"நடுவுல யாரு இழுத்தா?" என்றார் தையல்காரர். "படகு தானா நடந்து வந்துருக்கு. பேய்ப் படமா எடுத்திருக்க?"

"இத அனுப்பினா நாப்பது நூலகத்துல போடுவாங்க."

"அதுவும் பெரிய விஷயம்தானே?"

"பெரிய விஷயம்தான். ஏழு வருஷமா அதுக்குத்தான் அலஞ்சேன்." கேமராவைப் பையில் போட்டார். "வாக்கு குடுத்த இடத்துல கேட்டுட்டு வந்துடறேன்."

நவம்பர் 3ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை, பட்டப்பகலில், வலைக் கொட்டகையின் கதவுகளைச் சாத்தி, ஒரு பழைய பாயை வெள்ளையடித்து அதன்மேல் இரண்டு பதிப்பையும் காட்டினார். இம்முறை தையல்காரரும் வந்திருந்தார். அந்த மூன்றாவது ஆளின் ஒட்டுப் போட்ட சட்டையைத் தோளில் தடவிப் பார்த்துவிட்டுத்தான் உட்கார்ந்தார். முதலில் சிரிப்பு நீக்கிய பதிப்பு.

"யாராவது செத்துட்டாங்களா?" என்று இருட்டில் ஒரு குரல்.

"நாமதான் போல" என்றார் சீப்பு.

நாற்பது நூலகங்களைப் பற்றிப் படமெடுத்தவர் ஒளிக்காமல் சொன்னார். முடிவு உங்களுடையது, நீங்கள் சரி என்றால் இதையே அனுப்புகிறேன் என்றார். கணீர்தான், "மத்தத போடுங்க அக்கா, அப்புறம் பேசலாம்" என்றார்.

முழுப் படம் ஓடியது. முன்வரிசையில் நீள பெஞ்சில் ஏழு பேர். திரையில் கணீர் பாடத் தொடங்கியதும், அந்த ஏழு பேரும் தங்களை அறியாமல் முன்னால் குனிந்தார்கள். பாட்டு முடிந்து திரையில் சிரிப்பு வெடித்தது, கொட்டகையிலும் வெடித்தது. ஏழு பேரும் வடம் பிடித்த பழக்கத்தில், ஒரே மூச்சில், ஒரே நேரத்தில் பின்னால் சாய்ந்தார்கள். பெஞ்சு அவர்களோடு சேர்ந்து மல்லாந்தது. பதினான்கு கால்கள் மேலே, சீப்பின் தலை மட்டும் வெளிச்சத்தில் பளபளத்தது. விழுந்தவர்களைத் தூக்கப் போனவர்களும் சிரித்துச் சிரித்துத் தூக்க முடியாமல் அவர்கள்மேலேயே உட்கார்ந்தார்கள். தையல்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இதுக்கு மேல என்னம்மா சாட்சி வேணும்?" என்றார். பின்சுவரில் கேமரா ஓடிக்கொண்டிருந்தது. பார்ப்பவர்களைப் பதிவுசெய்வது அவர் வழக்கம்.

முடிவு எடுக்க வேறு பேச்சே தேவைப்படவில்லை. கணீர் எழுந்து நின்று, நிலையத்தின் மேலேயே ஒரு பாட்டுக் கட்டினார்:

"சிரிக்கக் கூடாதுன்னு முத்திரை குத்தினாங்க,
முத்திரைய கட்டி ஒரு படகு இழுக்கச் சொல்லு!"

"அகப்பட்டவங்க மறுநாள் முதல் ஆளா நிக்கணும். அவங்களுக்குச் சொல்லி அனுப்புங்க அக்கா" என்றார் சீப்பு.

நவம்பர் 11ஆம் நாள், குறித்த கெடுவுக்குப் பதினொரு நாள் முன்னதாகவே, ஒரு சிரிப்பும் குறையாத படம் பதிவுத் தபாலில் மீண்டும் அனுப்பப்பட்டது. இணைப்புகள்: நாற்பத்தோரு கரையேற்றங்களின் அட்டவணை, பெஞ்சு விழுந்த பதிவு (ஒரு நிமிடம் பதினெட்டு விநாடி), இருபத்திரண்டு பேரின் கையொப்பத்தோடு, தேர்வுக் குழுவினர் விடிகாலை ஐந்து மணிக்குக் கரைக்கு வந்து வடத்தில் முதல் ஆட்களாக நிற்குமாறு ஓர் அழைப்பு. தபால் சேர்ந்ததற்கான ஒப்புகை அட்டை திரும்பி வந்துவிட்டது. பதில் வரவில்லை. இதற்கிடையில் மலையில் மூங்கில் இறக்குபவர்கள், தாங்களும் ஏதோ ஒரு பாட்டு வைத்திருப்பதாகவும், அதில் சிரிப்பைவிட ஏச்சு அதிகம் என்றும், பரவாயில்லை என்றால் வரலாம் என்றும் சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். அவர் விடுப்பு விண்ணப்பம் எழுதிவிட்டார். தையல்காரர் பையில் பன்னிரண்டாவது அறையைத் தைத்துக்கொண்டிருக்கிறார்.

எனவே பண்பாட்டு ஆவண நிலையம் பின்வருவனவற்றுக்குப் பதிலளிக்கக் கோரப்படுகிறது. ஐம்பத்தேழு சிரிப்புகளில் எந்தச் சிரிப்பு, எந்த நிமிடம், எந்த விநாடியில், தேவையற்றது? அதை நீக்கினால் அந்தப் படகைக் கரையேற்றியது யார் என்று படத்தில் எப்படிக் காட்டுவது? இரண்டில் எதற்கும் விடை இல்லையெனில், படம் உள்ளபடியே காப்பகத்தில் ஏற்கப்பட்ட நாள் எது? இக்குறிப்பு கிடைத்த பதினைந்து நாட்களுக்குள், படிக்கக்கூடிய கையெழுத்துடன், முத்திரையைக் கையெழுத்தின் மேல் படாமல் தள்ளிக் குத்தி, பதிலை எழுத்தில் தர வேண்டும். தொலைபேசியில் சொல்வது பதிலாக ஏற்கப்படாது.